சொந்த ஊரை நோக்கித் திரும்பும் கமரா

ஆனந்த் பட்வர்தனின் 'ராம் கே நாம்' ஆவணப்படத்தில் லால்தாஸ் என்று ஒரு பூசாரி வருகிறார். அயோத்தியில் இராமர் கோயிலா பாபர் பள்ளிவாசலா என்று பிணக்குக்குள்ளான இடத்தில் பூசை செய்வதற்கு நீதிமன்றம் நியமித்தவர். இங்கே கூட்டம் சேர்ப்பவர்களுக்கு இராமர்மீது பக்தி கிடையாது, இது காசுக்கும் வாக்குக்குமான வேலை என்று கமராவைப் பார்த்து அமைதியாகச் சொல்கிறார். 1990இல் அத்வானியின் ரத யாத்திரை போய்க்கொண்டிருந்த நாட்களில் எடுத்த படம் அது. 1992இல் வெளிவந்தது. அதே ஆண்டு டிசம்பரில் பாபர் பள்ளிவாசல் இடிக்கப்பட்டது. அடுத்த ஆண்டு நவம்பரில் லால்தாஸ் சுட்டுக் கொல்லப்பட்டார்.

இலங்கையின் கிழக்கே கல்முனைக் கரையிலிருந்து இந்தப் படத்தைப் பார்க்கும் ஒருவருக்கு முதலில் மனதில் தைப்பது பள்ளிவாசல்தான். அது இயல்பு. ஆனால் படத்தின் எலும்பு அந்தப் பூசாரி. இந்துக் குடும்பத்தில் பிறந்த ஒருவர் இந்துக்களோடு நடத்தும் வாக்குவாதம் அந்தப் படம்; அதில் மிகக் கனமான சாட்சியத்தைத் தருபவர் கோயிலுக்குள்ளே இருக்கிறார். அநியாயம் நடந்தது என்று பாதிக்கப்பட்டவர் சொல்வது ஒரு வகைச் சாட்சியம். என் ஆட்கள்தான் செய்கிறார்கள், எனக்கு இதில் உடன்பாடில்லை என்று உள்ளே இருப்பவர் சொல்வது வேறு வகை. உரிமை வரலாற்றைப் படமாக்கியவர்களில் காலம் கடந்து நிற்பவர்கள் இந்த இரண்டாவது வகையைத் தேடிப் போனவர்கள் என்பது என் எண்ணம். அம்பாறைக் கரையின் கதையை நாளைக்கு யாராவது படமாக்கப் போனால் அவருக்கும் அதுவே கடினமான வேலையாக இருக்கும்.

பட்வர்தன் 1950இல் பம்பாயில் பிறந்தார். அச்சுத் பட்வர்தன் போன்ற சோசலிச விடுதலைப் போராளிகள் இருந்த குடும்பம். மேற்படிப்புக்கு அமெரிக்காவின் பிராண்டைஸ் பல்கலைக்கழகத்துக்குப் போனவர் வியட்நாம் போரெதிர்ப்பில் கலந்துகொண்டார். சீசர் சாவேஸின் பண்ணைத் தொழிலாளர் சங்கத்துக்காகத் தொண்டராகவும் வேலை செய்தார். திரும்பி வந்தபோது பீகாரில் ஜெயப்பிரகாஷ் நாராயணனின் இயக்கம் எழுந்திருந்தது. கையில் பணமில்லை. இரவல் வாங்கிய சூப்பர் 8 கமராவில் ஊர்வலத்தைப் பிடித்தார்கள். பிறகு அதைத் திரையில் ஓட்டி, அந்தத் திரையை 16 மில்லிமீற்றர் கமராவால் மறுபடி பிடித்தார்கள். 'கிராந்தி கி தரங்கேன்' என்ற முதல் படத்தில் தெரியும் புள்ளிகளும் நடுக்கமும் அழகியலுக்காகச் செய்தவை அல்ல, வறுமையால் வந்தவை. 1975இல் நெருக்கடிநிலை வந்ததும் படத்தை வெளியே காட்ட முடியாமல் போயிற்று. அதன் பிரதி துண்டு துண்டாக வெளிநாட்டுக்குக் கடத்தப்பட்டுக் கனடாவில் மறுபடி ஒட்டப்பட்டது. அரசியல் கைதிகளைப் பற்றிய 'சமீர் கே பந்தி' 1978இல் வந்தது.

பிறகு வந்தவற்றையெல்லாம் வரிசைப்படுத்த இங்கே இடமில்லை. பம்பாய் நடைபாதைவாசிகளின் குடிசைகள் இடிக்கப்படுவதைச் சொன்ன 'ஹமாரா ஷஹர்' (1985), மதவெறிக்கும் ஆண்மைப் பெருமைக்கும் உள்ள உறவைத் தொட்ட 'பித்ரு, புத்ர அவுர் தர்மயுத்' (1995), அணுகுண்டுத் தேசபக்தியைக் கேள்வி கேட்ட 'ஜங் அவுர் அமன்' (2002), பகுத்தறிவாளர் கொலைகளைத் தொடர்ந்த 'விவேக்' (2018) ஆகியவற்றைச் சொன்னால் போதும். இவற்றுக்கு நிகராக இன்னொரு வாழ்க்கை அவருக்கு நீதிமன்றங்களில் இருந்தது. ஒரு கையால் தேசிய விருது கொடுத்த அரசு, மறு கையால் தூர்தர்ஷன் கதவை மூடியது. பல படங்களுக்கு வழக்குப் போட்டார், பெரும்பாலும் வென்றார். 1995இல் முடித்த படத்தைத் தூர்தர்ஷன் ஒளிபரப்பத்தான் வேண்டும் என்று இந்திய உச்ச நீதிமன்றம் சொன்னபோது 2006 ஆகிவிட்டது. பார்க்கும் உரிமைக்காக ஒரு படம் பதினொரு ஆண்டுகள் காத்திருந்தது என்றால், அந்த வழக்குக் கோப்பே உரிமை வரலாற்றில் ஓர் அத்தியாயம்தான்.

அவருடைய வேலையில் நான் அதிகம் மதிப்பது 'ஜெய் பீம் காம்ரேட்' படத்தை. 1997 ஜூலை 11 அன்று பம்பாய் ரமாபாய் நகரில் அம்பேத்கர் சிலைக்குச் செருப்பு மாலை போட்டிருந்தார்கள். கொதித்தெழுந்த தலித் மக்கள்மீது பொலிஸார் சுட்டதில் 10 பேர் இறந்தார்கள். நான்கு நாள் கழித்து, விலாஸ் கோக்ரே என்ற பாடகர் தன் குடிசையில் தூக்குப் போட்டுக்கொண்டார். இவர் 'ஹமாரா ஷஹர்' படத்தில் பாடியவர், பட்வர்தனுக்குத் தெரிந்தவர். இடதுசாரிக் கலைக்குழுவில் வாழ்நாளைக் கழித்த அவர், சாகும்போது தலையில் அம்பேத்கர் இயக்கத்தின் நீலத்துணி கட்டியிருந்தார். ஏன் நீலம், ஏன் சிவப்பில்லை என்ற கேள்வியோடு பட்வர்தன் படப்பிடிப்பைத் தொடங்கினார். படம் முடிய 14 ஆண்டுகள் ஆயின. 2011இல் வந்த படம் மூன்று மணி நேரத்துக்கும் மேல் ஓடும்.

அந்த 14 ஆண்டுகளைப் பலரும் ஒரு தவம்போலச் சொல்வார்கள். எனக்கு அது தவமாகப் படவில்லை. வழக்குத் தீர்ப்பு வரும்வரை, ஆட்கள் கட்சி மாறும்வரை, அன்றைக்குக் கொதித்தவர்கள் இன்று யாரோடு மேடையில் இருக்கிறார்கள் என்று தெரியும்வரை, கதை எங்கே போய் நிற்கிறது என்று பார்த்துக்கொண்டிருந்ததன் கணக்கு அது. சுடும்படி உத்தரவிட்ட பொலிஸ் அதிகாரிக்கு 2009இல் ஆயுள் தண்டனை வந்தது, பிறகு பிணையும் கிடைத்தது. 1998இல் படத்தை முடித்திருந்தால் இது எதுவும் உள்ளே வந்திருக்காது. இன்னொன்று: கோக்ரேயை அவருடைய இடதுசாரிக் குழு விலக்கியிருந்தது என்பதைப் படம் மறைக்கவில்லை. இடதுசாரியான பட்வர்தன் தன் சொந்த முகாமைப் பார்த்தே கேட்கிறார்.

அமெரிக்காவில் இதே வேலையை வேறு விதமாகச் செய்தவர் ஹென்றி ஹாம்ப்டன். 1965இல் அலபாமாவின் செல்மாவில் வாக்குரிமைப் பேரணி நடந்தபோது அவர் ஒரு திருச்சபை அமைப்பின் தகவல் அலுவலராக அங்கே போயிருந்தார். போலியோவால் நொண்டிய காலோடு பேரணி கடந்த பாலத்தில் நடந்தபோதே இதை யாராவது படமாக்க வேண்டும் என்ற எண்ணம் அவருக்கு வந்ததாம். 1968இல் பொஸ்டனில் 'பிளாக்சைட்' என்ற நிறுவனத்தைத் தொடங்கினார். முதல் முயற்சி பாதியில் கவிழ்ந்தது. 'ஐஸ் ஒன் த பிரைஸ்' தொடரின் முதல் ஆறு பகுதிகள் 1987இல்தான் ஒளிபரப்பாயின. இன்னும் எட்டுப் பகுதிகள் 1990இல் வந்தன. பாலத்தில் நடந்ததற்கும் படம் வெளிவந்ததற்கும் இடையில் 22 ஆண்டுகள்.

அவர் வைத்திருந்த சில விதிகள் நமக்கு முக்கியம். சம்பவத்தில் இருந்தவர்கள் மட்டுமே திரையில் பேசலாம். பேராசிரியர் வந்து விளக்கம் சொல்ல இடமில்லை. பேராசிரியர்கள் வந்து படக்குழுவுக்குப் பாடம் நடத்தினார்கள், கமராவுக்கு முன்னால் வரவில்லை. பகுதிகளைத் தயாரித்த குழுக்களில் கறுப்பரும் வெள்ளையரும் சேர்ந்தே இருந்தார்கள். தொகுப்பறையில் அவர்கள் தங்களுக்குள் சண்டை போட்டார்கள் என்பது தெரிந்த சங்கதி. அந்தச் சண்டை அறைக்குள்ளேயே நடந்து முடிந்தது. திரையில் தெரிவது சண்டைக்குப் பிறகு மிஞ்சிய வாக்கியம். கறுப்பர் மட்டும் எடுத்திருந்தால் அது முறைப்பாடாகியிருக்கும், வெள்ளையர் மட்டும் எடுத்திருந்தால் இரக்கமாகியிருக்கும்.

இலங்கைத் தமிழில் இந்த மரபு இளையது. யாழ்ப்பாண நூலகம் 1981இல் எரிக்கப்பட்டதைப் பற்றி சோமீதரன் எடுத்த 'எரியும் நினைவுகள்' 2008இல் வந்தது. காணாமல் ஆக்கப்பட்டோரின் தாய்மாரையும் மனைவிமாரையும் தேடிப்போய் லீனா மணிமேகலை எடுத்த 'வெள்ளை வேன் கதைகள்' 2013இல் வந்தது. ஆனால் நான் சொல்லும் இரண்டாவது வகைச் சாட்சியத்தில் கை வைத்தவர் ஜூட் ரட்ணம். 1983 ஜூலையில் ஐந்து வயதுப் பிள்ளையாகக் கொழும்பிலிருந்து வடக்கே ரயிலில் தப்பிப் போனவர் அவர். 'டீமன்ஸ் இன் பரடைஸ்' படத்தில் அந்த ரயில் பாதையிலேயே திரும்பிப் போகிறார். கூடவே இயக்கமொன்றில் இருந்த அவருடைய மாமாவும். சிங்களப் பெரும்பான்மையின் வன்முறையில் தொடங்கும் படம், தமிழ் இயக்கங்கள் தமிழர்மீதே நடத்திய கொலைகளில் வந்து நிற்கிறது. 2017இல் கான் விழாவில் காட்டப்பட்டது. மறு ஆண்டு யாழ்ப்பாணச் சர்வதேசத் திரைப்பட விழாவில் எதிர்ப்பு வந்ததால் திரையிடல் கைவிடப்பட்டது. கானில் காட்ட முடிந்த படத்தை யாழ்ப்பாணத்தில் காட்ட முடியவில்லை. படத்தோடு எனக்கும் சில பிணக்குகள் உண்டு. அரசின் பங்கை அது போதிய அளவுக்குப் பின்தொடரவில்லை என்று நினைக்கிறேன். ஆனால் அந்த விவாதம் நடக்க வேண்டியது திரையிட்ட பிறகு.

இந்த வரலாற்றில் முஸ்லிம்கள் எங்கே என்று கேட்டால், கதைப்படத்தில்தான் முதலில் தேட வேண்டியிருக்கிறது. வடக்கிலிருந்து 1990 ஒக்டோபரில் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்ட முஸ்லிம்களின் கதையை, ஒரு சிறுவனையும் அவன் நாயையும் வைத்து, பிரசன்ன விதானகே 'இர மதியம' (2003) படத்தின் மூன்று கதைகளில் ஒன்றாக வைத்தார். அதைச் சிங்கள இயக்குநர் ஒருவர் செய்தார் என்பதைப் பாராட்டாகவும் எடுத்துக்கொள்ளலாம், தமிழ் பேசும் நமக்கு உறைக்கவும் வைக்கலாம்.

அம்பாறைக் கரைக்கு வருவோம். மருதமுனையிலிருந்து பொத்துவில் வரைக்கும் பிரதான வீதியில் போனால் ஒரு முஸ்லிம் ஊர், ஒரு தமிழ் ஊர், மறுபடி முஸ்லிம் ஊர் என்று அடுக்கிக்கொண்டே போகும். பல இடங்களில் எல்லை என்பது ஓர் ஒழுங்கை மட்டும்தான். 1985 ஏப்ரலில் காரைதீவில் தமிழர் வீடுகள் எரிந்தன. 1990 ஓகஸ்டில், வடக்கே மட்டக்களப்பு மாவட்டத்தில், காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் தொழுதுகொண்டிருந்தவர்களைப் புலிகள் சுட்டார்கள். ஒன்பது நாள்கூட முழுதாக ஆகவில்லை, ஏறாவூரில் வீடு புகுந்து வெட்டினார்கள். இரண்டு இடத்திலும் நூற்றுக்கு மேல் மையத்துகள். அதே ஓகஸ்டில் சம்மாந்துறைக்குப் பக்கத்தில் வீரமுனையில், பிள்ளையார் கோயிலில் தஞ்சமடைந்திருந்த தமிழர்கள் கொல்லப்பட்டார்கள். படையினரோடு முஸ்லிம் ஊர்காவற்படையினரும் அதில் இருந்தார்கள் என்பது தப்பியவர்களின் வாக்குமூலம். காத்தான்குடியை முஸ்லிம் பிள்ளைகள் ஆண்டுதோறும் நினைவுகூர்கிறார்கள். வீரமுனையைத் தமிழ்ப் பிள்ளைகள் நினைவுகூர்கிறார்கள். ஒரே மாதத்தின் இரண்டு நினைவுநாட்கள், ஒருவர் மற்றவருடையதற்குப் போவதில்லை.

காத்தான்குடியை மட்டும் எடுத்தால் ஒரு படம் வரும். வீரமுனையை மட்டும் எடுத்தாலும் ஒரு படம் வரும். இரண்டும் உண்மையாகவே இருக்கும், இரண்டும் தேர்தல் மேடைக்கு நன்றாகப் பயன்படும். இன்னொரு சுலபமான வழி தலைவர் படம். எம்.எச்.எம். அஷ்ரஃப் காத்தான்குடியில் 1981இல் முஸ்லிம் காங்கிரஸைத் தொடங்கியதிலிருந்து, ஒலுவில் பல்கலைக்கழகம், 2000 செப்டம்பர் ஹெலிகொப்டர் விபத்து வரைக்கும் ஒரு நேர்கோடு போட்டுவிடலாம். கண்ணீரும் வரும். ஆனால் உரிமை வரலாறு தலைவர்களின் வாழ்க்கை வரலாறாகச் சுருங்கும்போது, ஊரவர்கள் வெறும் கூட்டமாகத்தான் படத்தில் இருப்பார்கள்.

நான் படமெடுப்பவனாக இருந்தால் வீட்டு உறுதிகளில் இருந்து தொடங்குவேன். கிழக்குக் கரையில் தமிழரிடமும் முஸ்லிம்களிடமும் வீடு பெண்ணுக்குப் போகும். மகளுக்குக் கலியாணம் என்றால் தாய் தகப்பன் அவளுக்கு வீடு கட்டிக் கொடுப்பார்கள். மாப்பிள்ளை அங்கே வந்து குடியிருப்பார். குடி எண்ணுவதும் தாய்வழிதான். 1960களின் இறுதியில் அக்கரைப்பற்றுக்கு வந்த மானிடவியலாளர் டெனிஸ் மெக்கில்வ்ரே அரை நூற்றாண்டாக எழுதியது பெரும்பாலும் இதைப் பற்றித்தான். 2004 டிசம்பர் 26 சுனாமியில் நாட்டிலேயே அதிக உயிர்களை இழந்தது அம்பாறை மாவட்டம்: 10,000க்கும் மேல். கல்முனையிலும் சாய்ந்தமருதுவிலும் மருதமுனையிலும் கடலோர வளவுகள் அடித்துக்கொண்டு போயின. பிறகு நிவாரணம் வந்தது. புதுவீட்டுப் பத்திரங்களில் 'குடும்பத் தலைவர்' என்ற இடத்தில் பெரும்பாலும் கணவன் பெயரை எழுதினார்கள். கடலுக்குப் போன வீடு அவளுடையது, திரும்பி வந்த வீடு அவனுடையது. புலியோ இராணுவமோ அல்ல, ஒரு விண்ணப்பப் படிவம் இதைச் செய்தது. எதிர்த்து ஊர்வலம் போக முடியாத அளவுக்கு அமைதியாக நடந்த உரிமை இழப்பு இது. அதனால்தான் கமரா அங்கே போக வேண்டும் என்கிறேன்.

அந்தப் படிவத்துக்குப் பின்னால் பெரிய நிலப் பிரச்சினை இருக்கிறது. வடக்கு கிழக்கில் கடலிலிருந்து 200 மீற்றருக்குள் மீளக் கட்டக் கூடாது என்று அரசு முதலில் அறிவித்தது. தெற்கிலும் மேற்கிலும் அது 100 மீற்றர். கடலுக்கும் வயலுக்கும் நடுவில் நெருக்கிக்கொண்டு வாழும் ஊர்களுக்கு 200 மீற்றர் என்பது ஊரின் பாதி. உள்நாட்டுக் காணிகளின் வரலாறோ 1949இல் தொடங்கிய கல்லோயாக் குடியேற்றத்தில் இருந்து வருகிறது; அம்பாறை தனி மாவட்டமானது 1961இல். சவூதி உதவியில் நுரைச்சோலையில் கட்டிய 500 வீடுகள் சுனாமியில் வீடிழந்த முஸ்லிம்களுக்கு என்று எழும்பின. பேரினவாத அமைப்புகள் வழக்குப் போட்டன. எல்லா இனத்தவருக்கும் விகிதப்படி பகிர வேண்டும் என்று 2009இல் உயர் நீதிமன்றம் சொன்னது. வீடுகள் ஆண்டுக்கணக்கில் பூட்டிக் கிடந்து பற்றை மூடின.

இதற்குப் பிறகு ஜனாஸா எரிப்பு. கொரோனாவில் இறந்தவர்களை எரிக்கத்தான் வேண்டும் என்று 2020 ஏப்ரல் 11ஆம் திகதி வர்த்தமானி வந்தது. அடக்கலாம் என்று உலக சுகாதார அமைப்பு சொல்லியும் அரசு கேட்கவில்லை. டிசம்பர் முதலாம் திகதி, எரிப்பை எதிர்த்த மனுக்களை உயர் நீதிமன்றம் தள்ளிவிட்டது. பொரளை மயானத்து வேலியில் ஆட்கள் வெள்ளைத் துணி கட்டினார்கள். 2021 பெப்ரவரி 3ஆம் திகதி பொத்துவிலில் மழைக்குள் ஒரு பேரணி தொடங்கிற்று, வடக்கே பொலிகண்டிக்கு. காணாமல் ஆக்கப்பட்டோர், காணி அபகரிப்பு, அரசியல் கைதிகள், தோட்டத் தொழிலாளரின் 1,000 ரூபா நாட்சம்பளம் என்ற கோரிக்கைகளோடு ஜனாஸா எரிப்பை நிறுத்து என்பதும் இருந்தது. பல ஊர்களில் பொலிஸார் நீதிமன்றத் தடையுத்தரவு வாங்கியிருந்தார்கள். அக்கரைப்பற்றிலும் கல்முனையிலும் முஸ்லிம்கள் வந்து சேர்ந்தார்கள். அந்த மாதமே 25ஆம் திகதி அடக்கத்துக்கு அனுமதி வந்தது, அடக்கியது ஓட்டமாவடியில். பாகிஸ்தான் பிரதமரின் வருகைக்கும் ஜெனிவாவின் மனித உரிமை அமர்வுக்கும் அதில் பங்குண்டு, எல்லாவற்றையும் பேரணியின் கணக்கில் எழுதக் கூடாது. 2024 ஜூலையில் அமைச்சரவை மன்னிப்புக் கேட்கத் தீர்மானித்தது.

பேரணி போன வீதி, 1985இன் காரைதீவையும் 1990இன் இரட்டை ஓகஸ்டையும் கண்ட வீதி. அதே வீதியில் தமிழரும் முஸ்லிம்களும் சேர்ந்து நடந்த அந்தச் சில நாட்களை மட்டும் வைத்தால் ஒற்றுமைப் படம் ஒன்று கிடைக்கும். அதுவும் ஏமாற்றுத்தான். தமிழரும் முஸ்லிம்களும் எதிரெதிரே நிற்கும் கல்முனை வடக்குப் பிரதேச செயலகப் பிணக்கு பேரணிக்கு முன்னும் இருந்தது, பின்னும் இருக்கிறது. ஹாம்ப்டன் தொடரை 1965இல் வெற்றியோடு நிறுத்தியிருக்கலாம்; அடுத்த எட்டுப் பகுதிகளில் 1985 வரைக்கும் போனார். அங்கே இயக்கம் பிளக்கிறது, நகரங்கள் எரிகின்றன. முதல் ஆறு பகுதிகளை விரும்பியவர்கள் எல்லாரும் அந்த எட்டை விரும்பவில்லை.

அப்படியானால் வேலை எப்படி நடக்க வேண்டும்? இரண்டு பேர் சேர்ந்து இயக்க வேண்டும், ஒருவர் தமிழர், ஒருவர் முஸ்லிம்; இருவரில் ஒருவராவது பெண். வீரமுனையைப் பற்றி முஸ்லிம் இயக்குநர் சம்மாந்துறையில் கேட்க வேண்டும். காத்தான்குடியைப் பற்றித் தமிழ் இயக்குநர் தமிழரிடம் கேட்க வேண்டும். அன்றைக்குத் தெரிந்தும் சும்மா இருந்தவர், ஒருவரை ஒளித்து வைத்தவர், ஒளிக்க மறுத்தவர், இந்த ஆட்கள் இன்னும் உயிரோடு இருக்கிறார்கள். ஆனால் லால்தாஸுக்கு என்ன நடந்தது என்பதையும் இங்கே நினைக்க வேண்டும். பத்தாயிரம் பேர் இருக்கும் ஊரில் குரலே அடையாளம். பள்ளிவாசல் நிருவாகமோ கோயில் நிருவாகமோ ஒருவரை ஒதுக்கி வைத்தால் அவர் பிள்ளைக்குக் கலியாணம் பேச முடியாது. துணிச்சலான இயக்குநர் என்று பெயர் வாங்குவது எளிது. அந்தத் துணிச்சலுக்கான விலையைக் கொடுப்பவர் பெரும்பாலும் அவர் அல்ல. முகம் காட்டாமல், குரலை இன்னொருவர் படிக்க, சிலதை முப்பது ஆண்டு பூட்டிவைத்து விடுவதற்கும் தயாராக இருக்க வேண்டும்.

கடைசியாகப் பணமும் உரிமையும். 'ஐஸ் ஒன் த பிரைஸ்' தொடரில் பயன்படுத்திய பழைய செய்திப்படங்களுக்கும் பாட்டுகளுக்கும் வாங்கிய அனுமதிக் காலம் 1990களின் நடுவில் முடிந்தபோது, தொடரை ஒளிபரப்பவோ விற்கவோ முடியாமல் போயிற்று. ஹாம்ப்டன் 1998இல் இறந்தார். தொடர் திரைக்கு மீண்டது 2006இல். தம் மக்களின் போராட்டப் படத்துக்கு அந்த மக்களே சொந்தக்காரர் இல்லை என்று ஆனது. பொத்துவில் பேரணியின் காட்சிகளில் பெரும்பகுதி தொலைக்காட்சியிடம் இல்லை. கைத்தொலைபேசிகளில் இருக்கிறது, முகநூல் நேரலைகளில் இருக்கிறது. ஆள் கைத்தொலைபேசியை மாற்றும்போது போய்விடும், கணக்கு முடங்கினால் போய்விடும். சுனாமியில் அல்பங்களோடு போன கலியாணப் படங்களைப் போல இவை தண்ணீருக்குள் போகப்போவதில்லை. யாரும் கவனிக்காமலே அழியும். படமெடுக்க இன்னும் பத்து ஆண்டு ஆகட்டும். அதற்கு முன்னால் செய்ய வேண்டியது சின்ன வேலை: எடுத்தவரிடம் போய், பெயரும் திகதியும் இடமும் எழுதி, கையெழுத்து வாங்கி, கோப்பை இரண்டு வன்தட்டில் ஏற்றுவது. ஒரு பிரதி மருதமுனையிலோ சாய்ந்தமருதுவிலோ ஒரு வாசிகசாலையில் இருக்கட்டும், மற்றது பாண்டிருப்பிலோ காரைதீவிலோ.